முகமூடியைக் கழற்றியது யார்?

2012 பிப்ரவரி 21. மாஸ்கோவின் மீட்பர் கிறிஸ்து பேராலயம். பலிபீடத்தின் முன்னுள்ள மேடையில் வண்ண வண்ணக் கம்பளி முகமூடி அணிந்த பெண்கள் சிலர் ஏறினார்கள். ஒரு நிமிடத்திற்குள் காவலர்கள் அவர்களை வெளியேற்றிவிட்டார்கள். பாட்டுகூட முழுதாக ஒலிக்கவில்லை. வேறொரு தேவாலயத்தில் முன்பே எடுத்த காட்சிகளையும் சேர்த்து அன்றே வெளியான காணொளியைத்தான் உலகம் பார்த்தது. 'புஸ்ஸி ரயட்' குழுவின் உண்மையான மேடை அந்தக் காணொளிதான்.

அவர்கள் எதிர்கொண்டதும் ஒரு பிம்பத்தைத்தான். வெற்று மார்போடு குதிரையில் அமர்ந்திருக்கும் புதினின் படங்கள் 2009இலேயே உலகெங்கும் பரவியிருந்தன. மீண்டும் அதிபராக அவர் போட்டியிட்டபோது திருச்சபைத் தலைமை அவரை ஆதரித்தது. ஆண்மை, மதம், அரசு மூன்றும் ஒரே முகமாகி நின்ற இடத்தில் இந்தப் பெண்கள் முகமே இல்லாமல் வந்து நின்றார்கள். ஒளிந்துகொள்வதற்காக மட்டும் அணிந்த முகமூடி அல்ல அது. எந்தப் பெண்ணும் அணியலாம், அணிந்தால் அவளும் இக்குழுவில் ஒருத்தி என்ற அழைப்பு.

அந்த முகமூடியை முதலில் கழற்றியது அரசு. நதேழ்தா தலகோன்னிகவா, மரியா அல்யோகினா, யெகதெரினா சமுத்செவிச் மூவரையும் கண்ணாடிக் கூண்டில் நிறுத்தி, 2012 ஆகஸ்டில் இரண்டாண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. அடுத்துக் கழற்றியவை ஊடகங்கள். அவை அழகிய முகங்களையும் இளம் தாய்மார்களையும் தேடின. மேல்முறையீட்டில் விடுதலையான சமுத்செவிச்சை விரைவில் மறந்தன. மரியன்னையைப் பெண்ணியவாதியாகும்படி வேண்டிய அந்தப் பாடலின் பெண்ணியம் பின்னுக்குப் போய், 'புதின் எதிர்ப்பு' மட்டும் தலைப்பானது.

விடுதலைக்குப் பிறகு, 2014 பிப்ரவரியில், தலகோன்னிகவாவும் அல்யோகினாவும் நியூயார்க் மேடையில் முகமூடியின்றித் தோன்றினார்கள். முகம் காட்டாத தோழிகள் உடனே ஒரு திறந்த மடல் எழுதினார்கள்: இவ்விருவரும் இனி எங்கள் குழுவினர் அல்லர், நாங்கள் கட்டணம் வாங்கி நிகழ்த்துவதில்லை. நிகழ்ச்சியின் சுவரொட்டியில் முகமூடியோடு இருந்தது ஓர் ஆண் என்பதையும் சுட்டிக்காட்டினார்கள்.

கலையின் பக்கமிருந்து பார்த்தால் மடல் எழுதியவர்கள் சொன்னது சரி. ஆனால் கலை அங்கேயே நின்றுவிடவில்லை. 2013 செப்டம்பரில், மொர்தோவியப் பெண்கள் சிறையிலிருந்து தலகோன்னிகவா உண்ணாவிரதம் அறிவித்தார். காவலர் சீருடைகளைத் தைக்கும் கைதிகள் ஒரு நாளில் 16, 17 மணி நேரம் உழைப்பதை எழுதினார். அந்தப் பெண்களுக்கு முகமூடி தேவைப்படவில்லை. யாரும் அவர்கள் முகத்தைப் பார்த்ததே இல்லை. ஊடகம் பெருக்கிய ஒரு முகம் இருந்ததால்தான் அந்தக் கடிதம் உலகெங்கும் படிக்கப்பட்டது. 2014இல் அவ்விருவரும் சேர்ந்து, நீதிமன்றங்களையும் சிறைகளையும் பற்றி எழுத 'மீடியாசோனா' என்ற செய்தித்தளத்தைத் தொடங்கினார்கள். தங்களைப் படம் பிடித்த ஊடகத்தை அவர்களே கையில் எடுத்துக்கொண்டார்கள்.

ஆகவே, முகத்தை மறைத்தார்களா, காட்டினார்களா என்பதோடு நம் விமர்சனம் முடியக் கூடாது. ஒரு பெண்ணின் முகம் பிரபலமாகும்போது பார்ப்பவரின் கண் அவளிடமே தங்கிவிடுகிறதா, அவளுக்குப் பின்னால் தையல் இயந்திரத்தின் முன் அமர்ந்திருப்பவளையும் சென்று சேர்கிறதா? இதைக் கேட்டுத்தான் அந்தப் பிம்பத்தை நாம் எடைபோட வேண்டும்.