கொட்டுபவரின் உடல்: பறை, ட்ரம்ஸ், சினிமா

ஹெவி மெட்டல் ட்ரம்மர்களைப் பற்றி ஆங்கில சினிமாவில் ஒரு பழைய கேலி உண்டு. 1984இல் வந்த ‘திஸ் இஸ் ஸ்பைனல் டாப்’ என்னும் பொய் ஆவணப்படத்தில் ஒரு குழுவின் ட்ரம்மர்கள் வரிசையாகச் செத்துக்கொண்டே இருப்பார்கள். ஒருவர் தோட்டத்தில் நடந்த ஏதோ விபத்தில், இன்னொருவர் மேடையிலேயே தானாகத் தீப்பற்றி. பாடகன் சாவதில்லை, கிட்டார்காரன் சாவதில்லை. ட்ரம்மர் மாற்றத்தக்கவன், ஒருத்தன் போனால் இன்னொருத்தன் என்பதே அந்தக் கேலியின் அடித்தளம். நம்மூர்க் கதை இதற்குத் தலைகீழ். இங்கே செத்தவருக்குப் பெயர் உண்டு. அவருக்காகக் கொட்டுபவருக்குத்தான் பெயரில்லை.

ஒட்டன்சத்திரம் பக்கம் பேச்சில் ‘பறை’ என்று சொல்பவர்கள் குறைவு. கொட்டு, தப்பு, இவ்வளவுதான். ‘கொட்டுக்காரனுக வந்தாச்சாடா?’ என்று சாவு வீட்டுத் திண்ணையிலிருந்து ஒரு குரல் வரும். வந்து நிற்பவருக்கு அறுபது வயதிருக்கும். ‘ஏன்டா இவ்வளவு நேரம்?’ என்று கேட்பவனுக்கு இருபத்தைந்து தாண்டியிருக்காது. ‘பறை தமிழர்களின் ஆதி இசை’ என்று மேடையில் முழங்குகிறவர்கள் அந்த ‘டா’வைக் கணக்கில் எடுப்பதில்லை. தொல்காப்பியம் பறையைக் கருப்பொருள்களில் ஒன்றாகச் சொல்கிறது, சரிதான். ஆனால் அந்தக் கருவியின் பெயரிலிருந்து ஒரு சாதிப் பெயரும், அந்தச் சாதிப் பெயரிலிருந்து ஆங்கிலத்தில் ‘ஒதுக்கப்பட்டவன்’ என்று பொருள்படும் ‘பரையா’ என்ற சொல்லும் போய்ச் சேர்ந்தன. ஆதி இசை என்னும் பெருங்கதையாடலுக்குள் இந்த வரலாறு எங்கே உட்காரும்?

எந்த ஒலி இசை, எந்த ஒலி இரைச்சல் என்பதை அதிகாரமே பிரிக்கிறது என்று ழாக் அத்தாலி 1977இல் எழுதினார். தமிழ் சினிமா இந்தப் பிரிவினையை விசுவாசமாகக் காப்பாற்றி வந்திருக்கிறது. ‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் டி.எஸ். பாலையாவின் தவில், நாயகனின் நாதசுரத்துக்குப் பக்கவாத்தியம். நடிப்பிலும் அவர் பக்கவாத்தியமே. பாலையா மேதை என்பதால் அது நமக்கு உறைப்பதில்லை. ‘கரகாட்டக்காரன்’ (1989) வரும்போது தவில்காரர் முழுநேரச் சிரிப்பாகிவிடுகிறார். ஊர் ஞாபகம் வைத்திருப்பது வாழைப்பழத்தைத்தான், தவிலை அல்ல. ‘மிருதங்க சக்ரவர்த்தி’யில் (1983) தாளக்காரர் நாயகனாகிறார், ஆனால் மிருதங்கம் என்பதால் ஆகிறார். பறையாக இருந்தால் சக்ரவர்த்தி என்று பெயர் வைத்திருப்பார்களா? பாலாவின் ‘தாரை தப்பட்டை’ (2016) வேறு வகை. பின்னணி இசைக்காக இளையராஜாவுக்குத் தேசிய விருது வாங்கித்தந்த அந்தப் படத்தில் கலைஞர்களின் வறுமை இருக்கிறது, வெறி இருக்கிறது. கூடவே பெண்ணுடலைச் சிதைத்துக் காட்டும் ரசனையும் இருக்கிறது. நாட்டார் கலைஞர் என்றாலே சிதைந்துபோக வேண்டியவர் என்பதுதான் அதன் அழகியல். எனக்கு உடன்பாடில்லை.

‘சர்வம் தாளமய’த்தை (2019) இவ்வளவு சுலபமாகத் தள்ளிவிட முடியாது. உமையாள்புரம் சிவராமனைப் பற்றி ஆவணப்படம் எடுத்தபோது மிருதங்கம் செய்யும் குடும்பம் ஒன்றைச் சந்தித்ததுதான் ராஜீவ் மேனனுக்குக் கரு. தோலைப் பதப்படுத்தி, வாரைப் பிடித்து, கருவியைச் செய்து கொடுக்கும் தலித் கிறித்தவர் வீட்டுப் பையன் பீட்டர், அதை வாசிக்கவும் ஆசைப்படுகிறான். செய்பவன் தொடலாம், வாசிக்கக் கூடாது. இந்த அநியாயத்தை வெகுசன சினிமா இவ்வளவு நேராகச் சொன்னது பெரிய காரியம். மறு ஆண்டு, 2020இல், மிருதங்கம் செய்பவர்களைப் பற்றிய டி.எம். கிருஷ்ணாவின் ‘செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்’ நூல் வெளியீட்டுக்குக் கொடுத்த அனுமதியைக் கலாக்ஷேத்ரா திரும்பப் பெற்றதை நினைத்தால் படம் எந்த நரம்பைத் தொட்டது என்று புரியும்.

ஆனால் பிரதியின் பயணத் திசையைப் பாருங்கள். பீட்டரின் கையில் தாளம் ஏற்கெனவே இருக்கிறது; விஜய் ரசிகர்கள் கூட்டத்தில் அவன் அடிக்கும் அடியில் தியேட்டரே அதிர்கிறது. அது போதாது. வேம்பு அய்யரின் வாசலில் காத்துக் கிடந்து, பணிவு கற்று, கடைசியில் தொலைக்காட்சிப் போட்டி மேடையில் தேற வேண்டும். தெருவிலிருந்து சபாவுக்கு என்று ஒருவழிப் பாதை. சபாவில் வாசிக்கும் ஒருவர், ‘ஐயா, அந்தச் சாவடியை எனக்குக் கொஞ்சம் சொல்லித் தாங்க’ என்று சேரிக்கு வந்து திண்ணையில் காத்துக் கிடக்கும் காட்சியை நம் சினிமாவால் கற்பனைகூடச் செய்ய முடியவில்லை.

கன்னடத்தில் 1975இலேயே பி.வி. காரந்த் ‘சோமன துடி’ எடுத்தார். சிவராம காரந்தின் நாவல். சிறந்த படத்துக்கான தேசிய விருதும், சோமனாக நடித்த வாசுதேவ ராவுக்குச் சிறந்த நடிகர் விருதும் கிடைத்தன. தீண்டப்படாத பண்ணையாள் சோமனுக்குக் கோபம் வந்தால், துக்கம் வந்தால், துடியை எடுத்து அடிக்கிறான். ஆனால் அவன் கேட்பது துடிக்கு மரியாதை அல்ல. உழுவதற்கு ஒரு துண்டு நிலம். நிலம் கிடைக்காததால்தான் துடி அவ்வளவு சத்தமாக ஒலிக்கிறது. பறையின் பெருமை பேசும் கூட்டங்களில் பஞ்சமி நிலம் பற்றி ஒரு வார்த்தை வராதபோதெல்லாம் எனக்குச் சோமன் நினைவுக்கு வருகிறான்.

இனி மெட்டல் பக்கம். வெள்ளைக்கார ட்ரம்மர் படங்களிலும் வர்க்கம் உண்டு. ‘சம் கைண்ட் ஆஃப் மான்ஸ்டர்’ (2004) ஆவணப்படத்தில் மெட்டாலிகா குழு தங்களுக்குள் சண்டை தீர்க்க மாதம் 40,000 டாலர் கொடுத்து ஓர் ஆலோசகரை வைத்துக்கொள்கிறது. ‘ஆன்வில்’ (2008) படத்திலோ அதே தலைமுறையின் தோற்றுப்போன குழுவின் பாடகர் பள்ளிக்கூடங்களுக்குச் சாப்பாடு கொண்டுபோகும் வேலை பார்க்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்க வேண்டும்.

என்னை உலுக்கியது டேரியஸ் மார்டரின் ‘சவுண்ட் ஆஃப் மெட்டல்’ (2019). மெட்டல் ட்ரம்மர் ரூபனுக்கு (ரிஸ் அகமது) காது போய்விடுகிறது. காது கேளாதோர் குடியிருப்பு ஒன்றில் சேர்கிறான். கேளாமை சரிசெய்ய வேண்டிய கோளாறு அல்ல என்பது அந்த இடத்தின் நம்பிக்கை. அவனோ வண்டியையும் கருவிகளையும் விற்று அறுவை சிகிச்சை செய்துகொள்கிறான். கிடைப்பது தகரத்தைச் சுரண்டுவது போன்ற ஓசை. படத்தில் ஒரு காட்சி: இரும்புச் சறுக்குமரத்தின் மேல் ஒரு சிறுவன், கீழே உட்கார்ந்து ரூபன் விரலால் தட்டுகிறான். கேளாத சிறுவன் அதிர்வை உடம்பால் வாங்கிக்கொள்கிறான். தாளம் காதுக்குப் போவதற்கு முன்பு தோலுக்குப் போகிறது.

செவிப்பறை என்கிறோம். எல்லோர் காதுக்குள்ளும் ஒரு பறை வைத்துவிட்டது தமிழ். நாற்பது வருடம் நெஞ்சோடு அணைத்துக் கொட்டியவரின் செவிப்பறை என்னவாயிற்று என்று ஒரு தமிழ்ப் படமும் கேட்டு நான் பார்த்ததில்லை. காது மந்தமான கொட்டுக்காரர் நமக்கு ஒரு நகைச்சுவைத் துணுக்கு மட்டுமே. ரூபனின் காது தனிமனிதச் சோகமாகிறது, ஆஸ்கர் வரை போகிறது. இங்கே அது தொழில் நோயாகக்கூடப் பதிவாவதில்லை.

அம்பேத்கர் நூற்றாண்டை (1991) ஒட்டிய வருடங்களில், சாவுக்குக் கொட்டடிக்க மறுப்பது பல ஊர்களில் போராட்ட வடிவமாயிற்று. தூக்கி எறி என்றது ஒரு குரல். கையில் எடு, இழிவைத் திருப்பிப் போடு என்றது இன்னொரு குரல். இரண்டும் தலித் அரசியலுக்குள்ளிருந்தே வந்தவை. இரண்டாவது குரல் வென்றுவிட்டது என்று இப்போது சொல்கிறார்கள். மதுரை மாவட்டத்துப் பறைக் கலைஞர் வேலு ஆசானுக்கு 2025இல் பத்மஸ்ரீ கிடைத்தது. புலம்பெயர்ந்த தமிழர்கள் அங்கே குழு வைத்து அடிக்கிறார்கள். மகிழ்ச்சிதான். நெருப்பில் காய்ச்ச வேண்டாத பைபர் தோல் போட்ட பறையும் வந்துவிட்டது. மாட்டுத்தோலின் நாற்றம் கையில் ஒட்டாது. அந்த நாற்றத்துக்காகத்தானே ஒதுக்கினார்கள்? தோல் போனால் கொட்டுபவரும் தேவையில்லை, யார் வேண்டுமானாலும் அடிக்கலாம். அடிக்கட்டும். ஆனால் சாவு வீட்டுக்கு யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று பாருங்கள்.

இந்த இடத்தில்தான் நம் மாவட்டத்துப் படம் ஒன்றைப் பேச வேண்டும். அமெரிக்க இசை ஆய்வாளர் ஸோயி ஷெரினியன் (தானும் பறை கற்றவர்) 2011இல் ‘திஸ் இஸ் எ மியூசிக்’ என்ற படத்தில் ஒரு கிராமத்துப் பறைக் குழுவைப் பதிவு செய்தார். 2018இல் எடுத்த ‘சக்தி வைப்ரேஷன்ஸ்’, திண்டுக்கல் சக்தி நாட்டுப்புறக் கலை மையத்தைப் பற்றியது. சிஸ்டர் சந்திரா, சிஸ்டர் பெல்சி என்ற கத்தோலிக்கத் துறவியர் தலித் இளம்பெண்களுக்கு அங்கே பறையும் ஆட்டமும் கற்றுத்தருகிறார்கள். பறை ஆண்களின் கருவி. சாதி அதைத் தீட்டாக்கியது, சாதிக்குள்ளிருந்த ஆண் அதைப் பெண்ணிடமிருந்து ஒளித்துவைத்தான். இரண்டு பூட்டையும் சேர்த்து உடைப்பவள் கால் அகட்டி நின்று, சிண்டுக்குச்சியும் அடிக்குச்சியுமாகக் கொட்டும் பெண். ‘குனிஞ்ச தலை நிமிராத பொண்ணு’ என்று பெண் பார்க்க வரும் ஊர் நம் ஊர். பறையைக் குனிந்துகொண்டு அடிக்க முடியாது.

‘தன்னம்பிக்கை வளர்த்தல்’ என்னும் தொண்டு நிறுவன மொழி எனக்கு ஒவ்வாமை தருவது. வெளியிலிருந்து வரும் கேமரா மீதும் சந்தேகம் உண்டு. இருந்தும் பீட்டருக்குத் தேவைப்பட்ட வேம்பு அய்யர் இந்தப் பெண்களுக்குத் தேவைப்படவில்லை. தேர்வு வைப்பவர் எவருமில்லை, தொலைக்காட்சி நடுவர்களும் இல்லை. ஒருத்தி அடிக்கிறாள், பக்கத்தில் நிற்பவள் அதைப் பிடித்துக்கொண்டு ஆடுகிறாள். படம் முடிந்தும் எனக்குள் ஓடிய கேள்வி வேறு. பயிற்சி முடித்து ஊருக்குத் திரும்புகிறவளின் மாமாவோ சித்தப்பாவோ இன்னும் சாவு வீட்டு வாசலில் ‘டா’ போட்டுக் கூப்பிடப்படுகிறவராக இருந்தால், அந்தத் தப்பை அவரிடமிருந்து அவள் வாங்கிக்கொள்வாளா, கீழே வைக்கச் சொல்வாளா? கூலி பேசும்போது பக்கத்தில் நிற்க அவளை விடுவார்களா? திண்டுக்கல்லிலிருந்து ஒட்டன்சத்திரம் ஒரு பஸ் தூரம்தான். கேமராவைத் தூக்கிக்கொண்டு யாராவது அதில் ஏற வேண்டும்.