'சங்கதி'யும் நம் மாணவர்களின் கட்டுரையும்

"அக்காலப் பெண்கள் அடுப்பங்கரையிலேயே அடைந்து கிடந்தனர்." பெண்கள் முன்னேற்றம் பற்றி எழுதச் சொன்னால் படிவம் நான்கு மாணவர்களில் பலர் இப்படித்தான் தொடங்குகிறார்கள். நானும் பல ஆண்டுகளாக இதற்குச் 'சரி' போட்டு வந்தவள்தான். பாமாவின் 'சங்கதி'யை மறுபடி வாசித்த பிறகு கை தயங்குகிறது.

1994-இல் வெளிவந்த இந்நாவலின் கதைமாந்தர் தமிழ்நாட்டுக் கிராமத்துத் தலித் பெண்கள். தனிக் கதாநாயகி கிடையாது. பாட்டி வெள்ளையம்மா ஊருக்கே பிரசவம் பார்க்கிறார். சிறுமி மைக்கண்ணி தீப்பெட்டி ஆலைக்குப் போகிறாள். வயலில் ஆணுக்கு நிகராக உழைத்தும் பெண்ணுக்குக் கூலி குறைவு. நிலக்காரனிடமிருந்து தப்பி ஓடிய மாரியம்மா மீதே பழி சுமத்தி, ஊர்க்கூட்டம் அபராதம் போடுகிறது. இவர்களில் யார் அடுப்பங்கரையில் அடைந்து கிடந்தார்கள்?

நம் மாணவர்களின் பூட்டிகளும் அப்படித்தானே? விடியுமுன் சமைத்து, பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டு, பிரட்டுக்கு ஓடி, பால்மரம் வெட்டியவர்கள் அவர்கள். 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தபோது, பெண்களிடம் அதிகாரிகள் முறைகேடாக நடப்பதை நிறுத்த வேண்டும் என்பதும் ஒரு கோரிக்கை. மாரியம்மாவின் கதை நமக்கு அந்நியமில்லை.

ஆக, பெண் வேலைக்குப் போனாளா என்பதல்ல கேள்வி. சம்பளம் யார் கையில் இருந்தது, அவள் சொல்லை யார் நம்பினார்கள் என்பதே கேள்வி. 'சங்கதி'யின் பலம் இதைக் காட்டுவதில்தான் இருக்கு.

குறையும் உண்டு. பல இடங்களில் கதைசொல்லி நியாயங்களை விளக்கத் தொடங்கிவிடுகிறார். சம்பவமே சொல்லிவிட்டதை மறுபடி கேட்பதுபோல் ஆகிறது. பேச்சுமொழி நாவலுக்கு உயிர் கொடுக்கிறது. ஆனால் வசைச்சொற்களும் வட்டார வழக்கும் நிறைந்த முழு நூலையும் வகுப்பில் கொடுப்பது சிரமம்.

பாட்டி கதை சொல்லும் பகுதியொன்றை மட்டும் தேர்ந்தெடுத்து வாசிக்கலாம். பிறகு மாணவர்கள் வீட்டுப் பெரியவர்களிடம் ஒரே கேள்வி கேட்டு வரட்டும்: "பாட்டி, சம்பள நாளன்னிக்கு காசு யாரு கையில இருக்கும்?" கட்டுரையை அந்தப் பதிலிலிருந்து தொடங்கச் சொல்வோம். கேட்டெழுதிய ஒரு வரி, மனனம் செய்த ஒரு பத்தியைவிட மேல்.