கோபப்படக் கல் எதற்கு?

வேற்றுக்கிரகத்திலிருந்து ஒரு கல் வந்து விழுகிறது. தொட்டவர் அழுகிறார், அல்லது காதலிக்கிறார், அல்லது கொலை செய்கிறார். நம்முடைய புது அறிபுனைக் கதைகளில் இந்தக் கல்லை அடிக்கடி பார்க்கிறேன். அதன் நிறம், ஒளி, படிக அமைப்பு எல்லாம் இரண்டு பத்திக்கு வரும். தொட்டவரைப் பற்றி அரை வரிதான் இருக்கும்.

இதற்கெல்லாம் தாத்தா சூப்பர்மேனின் கிரிப்டோனைட். 1943-ல் வானொலித் தொடரில் அறிமுகமானபோது அது அவனைப் பலவீனப்படுத்தும் கல், அவ்வளவுதான். 1958-ல் காமிக்ஸில் சிவப்பு கிரிப்டோனைட் வந்தது. அது என்ன செய்யும் என்று முன்கூட்டியே சொல்ல முடியாது. ஒவ்வொரு துண்டும் ஒவ்வொரு மாதிரி. பிறகு 'ஸ்மால்வில்' தொடரில் அந்தச் சிவப்புக் கல் பதித்த மோதிரத்தைப் போட்டால் அடக்கி வைத்த ஆசையெல்லாம் வெளியே வந்துவிடும். கழற்றினால் பழைய நல்ல பையன். எங்கள் தொழிலில் இதை ஃப்ளாக் என்போம். ட்ரூ என்றால் கெட்டவன், ஃபால்ஸ் என்றால் நல்லவன். கதாபாத்திரம் செய்த எதற்கும் அவன் பொறுப்பில்லை என்று எழுத்தாளரே ஜாமீன் கொடுத்து விடுகிறார்.

சூப்பர்மேன் மூன்றாம் படம் (1983) மொத்தத்தில் சுமார்தான். ஆனால் அதில் ஒரு கம்ப்யூட்டர் புரோகிராமர் செயற்கை கிரிப்டோனைட்டுக்கு ஃபார்முலா எடுக்கிறான். கலவையில் ஒரு சிறு பங்கு 'தெரியாதது' என்று வருகிறது. சிகரெட் பாக்கெட்டைப் பார்க்கிறான், அதில் இருந்த 'தார்' என்ற சொல்லை அந்த இடத்தில் போட்டு அனுப்பிவிடுகிறான். புரியாத இடத்தில் கைக்குக் கிடைத்ததைப் போட்டு புரொடக்‌ஷனுக்குத் தள்ளிவிடும் எங்கள் குலவழக்கத்தை இவ்வளவு துல்லியமாகக் காட்டிய படம் வேறில்லை! அந்தக் கல்லால் சூப்பர்மேன் சின்னப்புத்திக்காரனாகிறான், குடிக்கிறான். பிறகு பழைய இரும்பு யார்டில் இரண்டு ஆளாகப் பிரிந்து தன்னோடு தானே மோதுகிறான். அந்தக் காட்சி மட்டும் மனசில் நிற்கிறது. அந்த நேரத்தில் கல் யாருக்கும் ஞாபகத்திலேயே இல்லை.

கல்லைச் சுற்றி மனிதர்கள் என்ன செய்கிறார்கள் என்று பார்க்க எங்க மாவட்டத்துக்காரர்கள் ஹாலிவுட் வரை போக வேண்டியதில்லை. பழனி மூலவர், போகர் ஒன்பது பாஷாணங்களைக் கட்டிச் செய்த நவபாஷாணம் என்பது மரபு. ராக்காலச் சந்தனத்தை மருந்தென்று வாங்கிப் போகிறவரிடம் கெமிஸ்ட்ரி பேசி என்ன ஆகப்போகுது? 2004-ல் மூலவருக்கு முன்னால் ஓர் ஐம்பொன் சிலை வைக்கப்பட்டது. எதிர்ப்பு கிளம்ப, எடுத்துவிட்டார்கள். 2018-ல் சிலைக் கடத்தல் தடுப்புப் பிரிவு அதைக் கையிலெடுத்து, கைது வரை போனது. பக்தி, பயம், சந்தேகம், காசு எல்லாம் அங்கே இருந்தன. மூலவர் அசையவே இல்லை. இந்திரா சௌந்தர்ராஜனின் கதையை நாகா இயக்கிய 'மர்மதேசம் - ரகசியம்' தொடருக்கு இந்தச் சூட்சுமம் தெரிந்திருந்தது. நவபாஷாண லிங்கம் பாட்டுக்கு இருக்க, அதன்மேல் ஆசை வைத்தவர்கள்தான் நம்மைத் தூங்க விடவில்லை.

ஆனாலும் அதெல்லாம் அபூர்வப் பொருள்கள். டி. செல்வராஜின் 'தோல்' நாவலில் (2012-ல் சாகித்ய அகாதமி விருது பெற்றது) இருப்பது வெறும் சுண்ணாம்பு. திண்டுக்கல் தோல் ஷாப் தொழிலாளர்களின் கதை அது. பிரச்சார நெடி உண்டு, நீளமும் அதிகம். அறிபுனை வாசகர்கள் பக்கத்திலேயே போக மாட்டார்கள். ஒரு பொருள் மனிதர்களை என்ன செய்யும் என்று எழுத விரும்புகிறவர்களுக்கு நான் இதைத்தான் சிபாரிசு செய்வேன். முடி கழல்வதற்காகப் பச்சைத்தோலைச் சுண்ணாம்புக் குழியில் ஊறப்போடுவார்கள். அதில் இறங்கி வேலை செய்பவரின் கைகாலையும் அதே சுண்ணாம்பு அரிக்கும். ஆட்டுத்தோல், மனுஷத்தோல் என்று அது வித்தியாசம் பார்க்காது. வித்தியாசம் பார்ப்பது முதலாளி, சாதி, கூலி. அந்தக் குழியிலிருந்து கிளம்பும் கோபத்தைக் கழற்றி வைக்க மோதிரம் கிடையாது. அது மெதுவாகச் சங்கமாகிறது.

பிறகு ஆவாரம்பட்டை குறைந்து குரோம் பதனிடுதல் வந்தது. வாரக்கணக்கான வேலை சில நாளில் முடிந்தது. திண்டுக்கல் சுற்றுவட்டாரத்தில் கிணற்றுத் தண்ணீர் கெட்டது. தமிழ்நாட்டுத் தோல் ஆலைகளின் கழிவு பற்றி உச்ச நீதிமன்றம் 1996-ல் கொடுத்த தீர்ப்பில் எங்க மாவட்டமும் இருக்கிறது. குரோம் உப்பில் ஊறி வெளியே வரும் தோல் வெளிர்நீலமாக இருக்கும். நிஜமாகவே வேற்றுக்கிரகத்துப் பொருள் மாதிரி. இதை வைத்து யாராவது அறிபுனை எழுத உட்கார்ந்தால், அந்த நீலத்துக்கு ஒரு வரி போதும். மிச்சப் பக்கங்களைக் குடத்தோடு அடுத்த ஊருக்குத் தண்ணிக்கு நடக்கிறவருக்குக் கொடுங்கள்.