வெட்டியானுக்கு வாய் இல்லையா?

எங்க பெரியப்பா கோவில்பதாகையில் பிணம் எரித்தவர். வாயை மூடாத மனுசன். எந்த மழையில் யார் பிணம் எவ்வளவு நேரம் எரிந்தது, பேசின கூலியில் எவன் பாதியைக் கொடுத்து ஏமாற்றினான், எல்லாம் கணக்காகச் சொல்லும். ஏரிக்கரையில் உட்கார்ந்து நாங்கள் கேட்டுக்கொண்டே இருப்போம். 2003 தீபாவளிக்குப் பாலாவின் ‘பிதாமகன்’ வந்தது. லீவு முடிந்து பள்ளிக்கூடம் போனால் பையன்கள் என்னைப் பார்த்து உறுமுகிறார்கள். “இன்னாடா, உங்க பெரியப்பனும் இப்டித்தான் கடிக்குமா?” அன்றைக்கு என்னிடம் பதில் இல்லை. இப்போது சொல்கிறேன்.

விக்ரமின் உழைப்பைக் குறைத்துப் பேச நான் வரவில்லை. 1990இல் ‘என் காதல் கண்மணி’யில் அறிமுகமானவர், 1999இல் ‘சேது’ வரும்வரை ஒன்பது வருசம் காத்துக் கிடந்தார். இடையில் ‘அமராவதி’யில் அஜித்துக்கும் ‘காதலன்’ படத்தில் பிரபுதேவாவுக்கும் குரல் கொடுத்தார். சேதுவுக்காக மொட்டையடித்து உடம்பை வற்றவைத்தார். ‘காசி’யில் (2001) கண் தெரியாத பாடகர். கஷ்டமான வேஷம் என்றால் ஓடி ஒளியாதவர்.

சரி, யாருடைய கஷ்டத்தை வேஷமாகக் கட்டுகிறார்கள்? சித்தன் சுடுகாட்டில் பிறந்து வெட்டியான் கையில் வளர்கிறான். சுடுகாட்டுப் பாட்டு வரும், பேச்சு வராது. கோபம் வந்தால் பாய்வான், கடிப்பான். இதற்குத்தான் விக்ரமுக்குத் தேசிய விருது கிடைத்தது. அடுத்தவர்களுக்குக் குரல் கொடுத்து வாழ்ந்த நடிகனுக்குப் பேச்சில்லாத வேஷத்தில் விருது! சுடுகாட்டு வேலையை ஒரு சாதியின் தலையில் கட்டியது யார் என்பது அந்தப் படத்துக்குக் கேள்வியே இல்லை. வெட்டியான் வளர்த்த பிள்ளை மிருகமாகத்தான் இருப்பான் என்று பொதுப்புத்தி நம்புகிறது. படம் அதற்குத் தலையாட்டுகிறது.

இதே நடிகர் 2005இல் ‘அந்நியன்’ ஆனார். அய்யங்கார் வக்கீல் அம்பி. ஒரே உடம்பில் மூன்று ஆள், மூன்று பேருக்கும் பேச்சு உண்டு. கொலை செய்யக்கூடக் கருட புராணம் துணைக்கு வருகிறது. அம்பியின் கோபம் தர்மம், சித்தனின் கோபம் மிருகம். இது எந்த ஊர் நியாயம்?

2024 ஆகஸ்டில் பா.ரஞ்சித்தின் ‘தங்கலான்’ வந்தது. அழுக்கும் கோவணமும் பழையபடிதான். ஆனால் இவனுக்குப் பெண்டாட்டி பிள்ளைகள் உண்டு, பறிபோன நிலத்தின் கணக்கு உண்டு, கோலார் மண்ணில் தன் முன்னோரைத் தேடும் கனவு உண்டு. குறையும் இருக்கிறது. பல இடத்தில் வசனம் காதில் விழவில்லை, பின்பாதி மாயத்தில் சிக்கிக்கொள்கிறது. இருந்தாலும் அவன் பேசுகிறான், பேரம் பேசுகிறான், ஏமாறுகிறான், எதிர்க்கிறான். நடிகர் அதே நடிகர்தான், எழுதின கைதான் வேறே.

பெரியப்பா இதைப் பார்க்க இல்லை. இனி எவராவது வெட்டியான் வேஷம் கட்ட வந்தால், உடம்பை இளைக்குமுன் எங்க ஜனங்களோடு ஒருநாள் உட்காரட்டும். பாக்கி வைத்த கூலியிலிருந்துதான் பேச்சை ஆரம்பிப்பார்கள்.