வெண்புடவைக்கு மட்டும்தானா வணக்கம்?

ஆரணியை அடுத்த முள்ளிப்பட்டில் பொழுது தறியோசையோடு விடிகிறது. பட்டிழை பிரித்துத் தார் சுற்றும் கைகளில் பெண்களின் கைகளே மிகுதி. ஆனால் சேலை முடிந்து கூலி கணக்கிடும் நேரத்தில் ‘நெசவாளி’ என்ற பெயர் ஆணுக்கே போகிறது. உழைப்பு அவளுடையது, பெயர் அவனுடையது. இந்த ஊரில் ஆசிரியப் பணி ஏற்ற நாளிலிருந்து நாம் கண்டுவரும் காட்சி இது. கலைமேடையிலும் இதே கணக்குத்தான் என்பதைச் சென்ற ஆண்டு கண்டோம்.

ஆண்டுவிழாவுக்கென மாணவ மாணவியரைக் கொண்டு இசைநாடகம் ஒன்றை ஆயத்தம் செய்தோம். பாட்டும் பேச்சும் ஒருங்கே வாய்த்த மாணவி ஒருத்தி இருந்தாள். ஒத்திகையின்போது அவள் குரல் கேட்டுப் பக்கத்துத் தறிக்காரர்கள் நாடாவை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்ததுண்டு. நான்காம் நாள் அவள் வரவில்லை. வீடு தேடிச் சென்றோம். “பாட்டு வேண்டுமானால் பாடட்டும் சார், வேடம் கட்ட வேண்டாம். கூத்தாடி வீட்டுப் பெண் என்று நாளைக்கு யாராவது சொன்னால், எவன் பெண் கேட்டு வருவான்?” என்றார் தந்தை. உள்ளிருந்து பாட்டியார் ஒரு சமாதானமும் சொன்னார்: “கே.பி. சுந்தராம்பாள் மாதிரி சாமிப் பாட்டுப் பாடட்டும் கண்ணு, யார் வேண்டாம் என்றது?”

தோழர்களே, அந்தப் பாட்டியார் அறிந்த சுந்தராம்பாள் யார்? நெற்றி நிறைய நீறு, வெள்ளைக் கதராடை, கையிலே கோல், நாவிலே முருகன். நாடே அறிந்த உருவம் அது. ஆனால் அந்த உருவத்துக்கு முன்னே ஒரு நடிகை இருந்தாள். அவளை ஏன் மறந்தோம்? இந்தக் கேள்வியைக் கேட்கவே எழுதுகிறோம்.

1908-இல் கொடுமுடியில் ஏழைக் குடும்பத்திலே பிறந்தவர் சுந்தராம்பாள். ரயில் பெட்டியில் பாடி, பயணிகள் தந்த காசிலே பசியாற்றிய சிறுமி. வேலு நாயரின் நாடகக் குழுவில் சிறுவர் வேடத்தில் மேடையேறினார். ஆண் வேடம், பெண் வேடம் இரண்டும் பயின்றார். இலங்கைக்குச் சென்று நடித்தார். ஒலிபெருக்கி இல்லாத காலம். இரவு முழுதும் நடக்கும் நாடகத்தில் கடைசி வரிசையில் அமர்ந்த கூலியாள் காதுக்கும் பாட்டு எட்டியாக வேண்டும். எட்டாவிட்டால் மறுநாள் அழைப்பு இல்லை. இத்தகைய உழைப்பிலே உரம் பெற்ற குரல் அது. ‘தெய்வம் தந்த குரல்’ என்று சொல்லிவிட்டால் உழைத்தவளுக்கு என்ன மிச்சம்?

அந்த நாளில் பெண்ணொருத்தி மேடையேறுவது எளிதா? 1891-இல் பம்மல் சம்பந்த முதலியார் சென்னையில் சுகுண விலாச சபையைத் தோற்றுவித்தார். படித்தவர்களும் வழக்கறிஞர்களும் கூடிய சபை. அங்கே பெண் வேடம் பூண்டவர்கள் ஆண்கள். ரங்கவடிவேலு பெண்ணாக நடித்தார், பெரியோர் பாராட்டினர். சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையிலும் சிறுவர்களே சீதையும் வள்ளியும். மராட்டியத்தில் பால கந்தர்வர் சேலை உடுத்தி வந்தால் அவர் உடுத்தும் பாங்கைக் குலமகளிர் கண்டு பின்பற்றினர். நம் வட்டாரத் தெருக்கூத்திலும் நெடுங்காலம் திரௌபதி ஆடவரே. ஆண் பெண்ணாக நடித்தால் அது கலை. பெண்ணே பெண்ணாக நடித்தால் அது இழுக்கு! என்னே நியாயம்!

இது நம் நாட்டு நோய் மட்டுமன்று. ஜப்பானில் கபுகி நாடகத்தைத் தொடங்கி வளர்த்தவர்கள் பெண்கள். 1629-இல் அரசு அவர்களை மேடையிலிருந்தே விலக்கியது. இங்கிலாந்தின் தொழில்முறை மேடையில் பெண்கள் இடம்பெற 1660 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அங்கெல்லாம் சட்டமும் வழக்கமும் கதவை அடைத்தன. இங்கே கதவை ஓரளவு திறந்துவைத்து, நுழைந்தவளின் முதுகிலே பழியை ஒட்டினர். கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள், பெண்களையே கொண்டு நாடகக் குழு அமைத்து, ஆண் வேடங்களையும் அவர்களைக்கொண்டே நடத்தினார். அவரது நாடகம் காண மக்கள் வெளியூர்களிலிருந்து ரயிலேறி வந்தனர். வருவாயில் கொழித்த அந்த அம்மையார் முதுமையில் வறுமையுற்று மாண்டார். கைதட்டியவர்கள் எங்கே போனார்கள்?

சுந்தராம்பாளுக்கு வருவோம். செங்கோட்டையில் பிறந்த எஸ்.ஜி. கிட்டப்பா அந்நாளில் மேடையின் மன்னர். இருவரும் இணைந்து பாடிய நாடகங்களுக்கு ஊர் திரண்டது. 1927-இல் மணந்தனர். கிட்டப்பாவுக்கு முன்னரே மனைவி இருந்தார். இருதார மணத்தைச் சென்னை மாகாணத்தில் சட்டம் தடுத்தது 1949-இல்தான். கிட்டப்பாவுக்குச் சுந்தராம்பாள் எழுதிய மடல்கள் பின்னாளில் அச்சாயின. ஏக்கத்தோடு, உரிமை கேட்கும் பெண்ணின் குரலையும் அவற்றில் கேட்கலாம். 1933 டிசம்பரில், இருபத்தேழு வயதில், கிட்டப்பா மறைந்தார். சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து. அன்று உடுத்திய வெண்மையை 1980-இல் மறையும்வரை அவர் களையவில்லை. மேடையில் எந்த ஆணுடனும் இணையாக நடிப்பதில்லை என்றும் உறுதி பூண்டார்.

இனி அவர் ஏற்ற வேடங்களை வரிசையாக வைத்துப் பாருங்கள். 1935-இல் ‘பக்த நந்தனார்’. அதில் அவர் ஏற்றது ஆண் வேடம். 1940-இல் ‘மணிமேகலை’, துறவி. 1953-இல் ஜெமினியின் ‘ஔவையார்’, மூதாட்டி. 1964-இல் ‘பூம்புகார்’ படத்தில் கவுந்தியடிகள், மீண்டும் துறவி. 1965-இல் ‘திருவிளையாடல்’ படத்தில் மறுபடியும் ஔவை. ஆண், துறவி, மூதாட்டி! காதலிக்கும் பெண்ணாக, கோபிக்கும் பெண்ணாக, தன் வாழ்வுக்குத் தானே வழக்குரைக்கும் பெண்ணாக ஒரு வேடமும் இந்தப் பட்டியலில் இல்லை. வள்ளியாக நின்று காதலை இசைத்த அந்தப் பெண் இருபத்தைந்து வயதோடு முடிந்துபோனாள். அதன் பிறகே நாடு கைகூப்பியது. இளமையைக் கழற்றி வைத்தால்தான் நடிகைக்கு மதிப்பு என்பது எழுதப்படாத சட்டமாயிற்று. முள்ளிப்பட்டுப் பாட்டியார் சொன்னதும் அந்தச் சட்டத்தைத்தான்.

நந்தனார் கதையையும் எண்ணிப் பாருங்கள். உழைக்கும் அடிமை, ஆண்டையிடம் தன் தெய்வத்தைக் காண விடுப்புக் கேட்டுக் கெஞ்சுகிறான். இறுதியில் தீயிலே இறங்கித் ‘தூய்மை’ பெறுகிறான். சேரியில் பிறந்தவனுக்குத் தீ. கணவனை இழந்தவளுக்கு வெண்புடவை. தகுதி பெற வேண்டுமானால் உன்னிலே ஒரு பகுதியை எரித்துவிட்டு வா என்பதே இரண்டின் பொருளும். அந்த வேடத்தை அந்த நிலையில் அந்தப் பெண் ஏற்றாரே, அதைவிடக் கூரிய திறனாய்வு வேறு வேண்டுமா?

“அது அவரே விரும்பி ஏற்ற நோன்பு. அதைக் குறை சொல்ல நீங்கள் யார்?” என்று கேட்பர். நேர்மையான கேள்வி. நாம் அவரைக் குறை கூறவில்லை. தன் துயரை எப்படிச் சுமப்பது என்பது அவர் உரிமை. அந்த வெண்மையை அவர் கேடயமாகவும் கொண்டார் என்றே நாம் கருதுகிறோம். அதை உடுத்திய கையால்தான் நந்தனார் படத்துக்கு ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் பெற்றார். அந்நாளில் வியந்து பேசப்பட்ட தொகை அது. 1958-இல் சென்னை மாநில மேலவையில் உறுப்பினராக அமர்ந்தார். ‘துணைவன்’ படப் பாடலுக்கு நாட்டின் சிறந்த பின்னணிப் பாடகி விருது பெற்றார். 1970-இல் பத்மஸ்ரீ வந்தது. இவை ஒரு தொழிலாளியின் வெற்றிகள். நாம் குறை கூறுவது, இந்த வெற்றிகளைப் பின்னுக்குத் தள்ளி, நோன்பை முன்னுக்கு இழுத்து வைத்த சமூகத்தை. மனைவியை இழந்து கடைசிவரை வெள்ளை உடுத்தி, பெண்ணோடு நடிக்க மறுத்த நடிகர் ஒருவரை யாரேனும் காட்டட்டும். பிறகு விருப்பம் பற்றிப் பேசுவோம்.

கொடுமுடிக்கு ஈரோடு தொலைவில் இல்லை. கிட்டப்பா மறைவதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்னரே, 1929-இல், செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு பெண்ணுக்குச் சொத்துரிமையும் கைம்பெண் மறுமணமும் வேண்டுமென முழங்கியது. முழக்கம் எழுந்தது, ஆனால் மேடையில் நின்ற நடிகையின் வாழ்வுவரை அது எட்டியதா? நம்மையும் நாம் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது. சீர்திருத்த நாடகங்களில் கைம்பெண் கண்ணீர் வடித்தாள், வீர இளைஞன் வசனம் பேசினான். அந்தக் கைம்பெண்ணாக நடித்தவள் ஒப்பனை கலைத்து வீடு திரும்பியபோது தெருவிலே கேட்ட ஏச்சை எத்தனை பேர் தட்டிக் கேட்டோம்?

கொள்கை எதிரெதிரானவர்களும் ஒருவரையொருவர் மதித்ததற்கும் சான்று உண்டு. ‘பூம்புகார்’ கலைஞர் கருணாநிதி எழுதிய படம். தெய்வம் எங்கே போயிற்று என்று கேட்கும் ஒரு வரியைத் தம் நாவால் பாட இயலாது என்று சுந்தராம்பாள் மறுக்க, வரி மாற்றப்பட்டது எனத் திரையுலகினர் சொல்லி வருகின்றனர். அவர் நம்பிக்கை நமக்கு உடன்பாடன்று. ஆயினும் ‘என் குரல், என் முடிவு’ என்று ஒரு பெண் சொன்னாள், எழுதியவர் கேட்டார். அந்த உறுதி பகுத்தறிவாளர் போற்றத்தக்கது. கொள்கையை ஒப்புக்கொள்ளாதவளின் உரிமையை மதிக்கத் தெரியாத பகுத்தறிவு எதற்கு?

ஆகவே தோழர்களே, சுந்தராம்பாளை ‘பக்தை’ என்று மட்டும் நினைக்கும் பழக்கத்தை விடுவோம். ரயிலில் பாடிய சிறுமியை, இலங்கை மேடையை ஆண்ட இளம்பெண்ணை, ஊதியத்தைப் பேசி வாங்கிய தொழிலாளியை, மேலவை உறுப்பினரைப் பிள்ளைகளுக்குச் சொல்வோம். திருவையாற்றிலிருந்து வந்த டி.பி. ராஜலட்சுமி மேடையிலே நடித்து, 1931-இல் முதல் தமிழ்ப் பேசும் படமான ‘காளிதாஸ்’ படத்தின் நாயகியாகி, 1936-இல் ‘மிஸ் கமலா’ படத்தைத் தாமே இயக்கியதையும் சொல்வோம். வெள்ளை உடுத்தாமலும் ஒரு நடிகை தலைநிமிர முடிந்தது என்பது அவர்கள் அறிய வேண்டிய செய்தி.

முள்ளிப்பட்டு மாணவி அந்த ஆண்டு நடிக்கவில்லை. விழாவில் திரைக்குப் பின்னே நின்று பாடினாள்; மேடையில் ஒரு மாணவன் சேலை உடுத்தி வாயசைத்தான். கூடியிருந்தோர் கைதட்டினர். அந்தக் கைதட்டலில் நமக்கும் பங்குண்டு, ஏனெனில் அந்த ஏற்பாட்டுக்கு ஒப்புக்கொண்டவர்கள் நாம்தாம். இந்த ஆண்டு ஒப்பமாட்டோம். அவள் தந்தையிடம் மறுபடியும் போகப் போகிறோம். இம்முறை சுந்தராம்பாளின் முழுக்கதையோடு போகிறோம். பாட்டியாரும் கேட்கட்டும்.