பட்டறைக்குள் வாக்குச்சீட்டு

1983 டிசம்பரில் ஸ்வீடன் நாடாளுமன்றத்தில் ஒரு மசோதா வாக்கெடுப்புக்கு வந்தது. கம்பெனி லாபத்தில் ஒரு பகுதியைப் பிடித்து, அதில் பங்குகள் வாங்கி, ‘தொழிலாளர் நிதி’ என்ற பெயரில் தொழிற்சங்கங்களின் செல்வாக்குள்ள குழுக்களிடம் வைப்பது அதன் நோக்கம். ஆளும் சமூக ஜனநாயகக் கட்சி கொண்டுவந்த மசோதா அது. அதே கட்சியின் நிதியமைச்சர் ஷெல்-ஊலோஃப் ஃபெல்ட் தன் இருக்கையில் உட்கார்ந்து, அந்த நிதியை வாய்க்கு வந்தபடி திட்டி ஒரு பாட்டைக் கிறுக்கிக்கொண்டிருந்தார். பத்திரிகைப் புகைப்படக்காரர் ஒருவர் அந்தத் தாளைப் படம்பிடித்துவிட்டார். மசோதா நிறைவேறியது. ஊர் சிரித்தது.

யோசனையின் மூலவர் ருடால்ஃப் மைட்னர், தொழிற்சங்கக் கூட்டமைப்பின் பொருளியல் அறிஞர். 1975-இல் அவர் குழு தந்த அறிக்கை இதைவிடத் துணிச்சலானது. பெரிய கம்பெனிகள் ஆண்டுதோறும் லாபத்தில் 20 சதவீத மதிப்புக்குப் புதுப் பங்குகளை வெளியிட்டுத் தொழிலாளர் நிதிக்கு எழுதிக் கொடுக்க வேண்டும். பணம் கம்பெனியைவிட்டு வெளியே போகாது, உரிமை மட்டும் கைமாறும். லாபம் கொழிக்கும் கம்பெனி என்றால் சில பத்தாண்டுகளில் பெரும்பான்மைப் பங்கு நிதியிடம் வந்துவிடும். 1976-இல் கூட்டமைப்பின் மாநாடு இதை ஏற்றது. அதே ஆண்டுத் தேர்தலில் சமூக ஜனநாயகக் கட்சி நாற்பதாண்டுகளுக்கும் மேலாக வைத்திருந்த ஆட்சியை இழந்தது. கட்சி மீண்டும் ஆட்சிக்கு வந்து திட்டத்தைக் கையிலெடுத்தபோது, 1983 அக்டோபர் 4 அன்று ஸ்டாக்ஹோம் தெருக்களில் பல்லாயிரம் பேர் திரண்டு ஊர்வலம் போனார்கள். போனவர்கள் முதலாளிகளும் அவர்கள் பக்கம் நின்றவர்களும். மே தினத்தில் தெருவை நிறைப்பவர்கள் அன்று வீட்டில் இருந்தார்கள். கடைசியில் சட்டமானது மைட்னர் திட்டத்தின் நீர்த்த வடிவம்தான். 1991-இல் பதவிக்கு வந்த வலதுசாரி அரசு அதையும் கலைத்தது. பணத்தின் ஒரு பகுதி ஆராய்ச்சி அறக்கட்டளைகளுக்குப் போய்ச் சேர்ந்தது.

மூலதனத்தின் பலம் வென்றது என்று இந்தக் கதையைச் சொல்வது வழக்கம். அது உண்மைதான், ஆனால் போதாது. திட்டத்தைக் காப்பாற்ற ஏன் யாரும் தெருவுக்கு வரவில்லை? ஒரு வெல்டருக்கு அதில் தன்னுடையது என்று சொல்ல ஒரு பங்குகூடக் கிடையாது. வாக்கும் சங்க நிர்வாகிகள் வழியாகத்தான். லாபக் கணக்கே இல்லாத ஆஸ்பத்திரியிலும் பள்ளியிலும் வேலைசெய்த லட்சக்கணக்கான பெண்களுக்கு அந்த நிதியில் என்ன இடம் என்பதற்குத் தெளிவான விடை இல்லை. உடைமை கைமாறுவது பற்றி அவ்வளவு நுணுக்கமாகக் கணக்குப் போட்டவர்கள், அது யார் கைக்கு வருகிறது என்பதைப் பின்னால் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டார்கள்.

தொழிலாளர் உடைமை, பொருளாதார ஜனநாயகம் என்ற பெயர்களில் எழுதப்பட்டவற்றைப் புரட்டும்போது இந்த ஓட்டை திரும்பத் திரும்பக் கண்ணில் படுகிறது. தொழிலாளிக்கு நிர்வாகம் தெரியுமா, சந்தையில் தாக்குப்பிடிக்குமா, மூலதனம் எங்கிருந்து வரும் என்ற கேள்விகளுக்குப் பக்கம் பக்கமாக விடைகள் உண்டு. உறுப்பினர் பட்டியலில் யார் பெயர் இருக்கும், யார் பெயர் இருக்காது, அதை யார் முடிவு செய்வார்கள் என்பதற்கு விடை கொஞ்சம்தான்.

ஜான் ஸ்டூவர்ட் மில்லிடமிருந்து தொடங்கலாம். 1848-இல் வெளிவந்த அவருடைய அரசியல் பொருளாதார நூலில் தொழிலாளர்களின் எதிர்காலம் பற்றி ஒரு அத்தியாயம் உண்டு. அடுத்தடுத்த பதிப்புகளில் அது வளர்ந்தது, கூட்டுறவின் பக்கம் சாய்ந்தது. மூலதனத்தைத் தொழிலாளர்களே கூட்டாக வைத்துக்கொண்டு, தாங்களே தேர்ந்தெடுத்து, வேண்டாமென்றால் தாங்களே விலக்கக்கூடிய மேலாளர்களின் கீழ் வேலைசெய்வார்கள். கூலி உறவு மெல்லத் தேய்ந்து போகும் என்பது அவர் எதிர்பார்ப்பு. பாரிஸ் பியானோத் தொழிலாளர் சங்கம் ஒன்றின் கதையை அங்கே ஆசையோடு சொல்கிறார். நூற்றுக்கணக்கானோர் சேர்ந்து தொடங்கிய முயற்சியில் கடைசிவரை நின்றவர்கள் 14 பேர். கையில் காசில்லை. பியானோ கேட்டு வந்த ரொட்டிக்கடைக்காரர் விலையை ரொட்டியாகவே தீர்த்தார். முதன்முதலாகக் கூலி பிரித்தபோது மிஞ்சியதில் பெண்டாட்டி பிள்ளைகளோடு ஒரு விருந்து சாப்பிட்டார்கள், ஓராண்டாகத் தொடாத ஒயினும் அன்று உண்டு. பொருளாதார நூலில் இப்படி ஒரு பத்தியைப் பார்ப்பது அபூர்வம்.

மில் கண்ணைக் கட்டிக்கொண்டவர் அல்லர். சங்கங்கள் தங்களுக்குக் கீழே கூலியாட்களை வைத்துக்கொள்ளத் தொடங்குவதைக் கவனித்துக் கண்டித்தார். அவர் உயிரோடிருந்தபோதே இங்கிலாந்தின் ராச்டேலில் அது நடந்தது. 1844-இல் கூட்டுறவுக் கடை திறந்து உலகப் புகழ்பெற்ற ஊர் அது. அங்கே கூட்டுறவாளர்கள் 1854-இல் ஒரு நூற்பு, நெசவு ஆலையும் தொடங்கினார்கள். லாபத்தில் தொழிலாளிக்கும் பங்கு என்பது விதி. ஆலை செழிக்கச் செழிக்க, அங்கே வேலை செய்யாத பங்குதாரர்கள் பெருகினார்கள். 1862-இல் வாக்கெடுத்துத் தொழிலாளி பங்கை ரத்து செய்தார்கள். ஒரு குறையும் சொல்ல முடியாத ஜனநாயக முறையில்தான் அதைச் செய்தார்கள்.

ஆங்கிலேயச் சமூக ஆய்வாளர் பியாட்ரிஸ் வெப் இதிலிருந்து ஒரு விதியையே உருவாக்கினார். உற்பத்திக் கூட்டுறவுகள் ஒன்று நொடித்துப்போகும், இல்லையென்றால் வெற்றி பெற்றுச் சின்ன முதலாளிகளின் மடமாகிவிடும். ரோசா லக்சம்பர்க் வேறு திசையிலிருந்து வந்து ஏறத்தாழ அதே இடத்தில் நின்றார்: சந்தையில் பிழைக்கவேண்டிய தொழிலாளர்கள் தங்களுக்குத் தாங்களே முதலாளியாகித் தங்களையே பிழிந்தாக வேண்டும். மார்க்சின் நிலை இந்த இருவரையும்விட நெகிழ்வானது. 1864-இல் சர்வதேசத் தொழிலாளர் சங்கமான முதலாம் அகிலத்தின் தொடக்க உரையில் கூட்டுறவு ஆலைகளை மனமாரப் பாராட்டினார். முதலாளி இல்லாமலே பேரளவு உற்பத்தி நடக்கும் என்பதை வாதத்தால் அல்லாமல் செயலால் காட்டியவை என்பது அவர் மதிப்பீடு. பின்னாளைய மார்க்சியர் பலர் இந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்டிப் போய்விட்டார்கள். பிரிட்டனில் ஜி.டி.எச். கோல் 1917 முதல் எழுதிய, தொழில்களைத் தொழிலாளர் கில்டுகளே நடத்தவேண்டும் என்ற கில்டு சோஷலிசத்துக்கும் அதே கதிதான். அரசுடைமை என்ற ஒற்றைச் சொல் இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியை விழுங்கிவிட்டது.

அது விழுங்காத ஒரு நாடு யூகோஸ்லாவியா. மார்க்சைத் திரும்பப் படித்துக்கொண்டிருந்தபோது ஆலைகளைத் தொழிலாளர்களிடமே ஒப்படைக்கும் யோசனை தனக்கு உதித்ததாகவும், மழையில் நிறுத்தியிருந்த காருக்குள் உட்கார்ந்து சக கட்சித் தலைவர்களான கார்தெலிடமும் கித்ரிச்சிடமும் முதலில் சொன்னதாகவும் அங்கத்திய கம்யூனிஸ்ட் தலைவர் மிலோவன் ஜிலாஸ் எழுதியிருக்கிறார். 1950-இல் சட்டம் வந்தது. ஆலைகளைத் தொழிலாளர் மன்றங்கள் நடத்தும், சொத்து சமூகத்துடையது. எட்டாண்டு கழித்து அமெரிக்கப் பொருளியலர் பெஞ்சமின் வார்ட், இல்லிரியா என்ற கற்பனை நாட்டின் பெயரில் இதற்கு ஒரு கணித மாதிரி செய்தார். அதன் முடிவு விசித்திரமானது. தலைக்கு வரும் வருமானத்தைப் பெருக்குவதே மன்றத்தின் குறி என்றால், பொருளின் விலை ஏறும்போது ஆலை ஆளைச் சேர்க்காது, குறைக்கவே பார்க்கும். பங்கு கேட்கும் கை குறைந்தால் ஒவ்வொருவர் பங்கும் கூடுமல்லவா? யாரோஸ்லாவ் வானெக் போன்றவர்கள் பிறகு இதற்கு விரிவாகப் பதில் சொன்னார்கள். உண்மையான யூகோஸ்லாவிய ஆலை எதுவும் வார்ட் சொன்னபடி தோழர்களை வெளியே தள்ளியதாகத் தெரியவில்லை. ஆனால் உள்ளே இருப்பவர்கள் பத்திரமாக இருந்தார்கள், வெளியே இருந்த லட்சக்கணக்கானோர் ஜெர்மனிக்கு ரயில் ஏறினார்கள். வார்டின் கணிதத்தில் பிழை காணலாம். அவர் கைவைத்த இடம் சரியான இடம்.

இந்தத் துறையின் திருத்தலம் பாஸ்க் நாட்டின் மோன்ட்ராகோன். ஸ்பானிய உள்நாட்டுப் போரில் தோற்ற பக்கத்துக்காகப் பத்திரிகை வேலை பார்த்துச் சிறைக்கும் போன ஹோசே மரியா அரிஸ்மெந்தியாரியெத்தா 1941-இல் அங்கே இளம் பாதிரியாராக வந்து சேர்ந்தார். 1943-இல் ஒரு தொழிற்பள்ளி. அதில் படித்த ஐந்து பேர் 1956-இல் எண்ணெய் அடுப்பு செய்யும் பட்டறை தொடங்கினார்கள். 1959-இல் சொந்த வங்கி. சேமிப்பு ஊரிலேயே புழங்கியது, புதுக் கூட்டுறவுகள் முளைத்தன.

அதன் உள்ளமைப்பைப் பார்ப்பது நல்லது, சாமர்த்தியமெல்லாம் அங்கேதான் இருக்கிறது. சேரும் ஒவ்வொருவரும் சுமார் ஓராண்டின் அடிமட்டக் கூலியளவு தொகை கட்டவேண்டும், தவணையாகவும் கட்டலாம். அது அவர் பெயரில் ஒரு கணக்காக இருக்கும். லாபத்தில் அவர் பங்கு அதில் ஏறும், நஷ்டம் வந்தால் குறையும். ஓய்வுபெறும்போது எடுத்துக்கொண்டு போகலாம், வெளியாருக்கு விற்க முடியாது. கணக்கில் எவ்வளவு இருந்தாலும் பொதுக்குழுவில் ஒருவருக்கு ஒரே வாக்கு. ராச்டேல் ஆலை எந்த ஓட்டையில் கவிழ்ந்ததோ அதை இந்த ஏற்பாடு அடைத்துவிடுகிறது. அடிமட்டக் கூலிக்கும் உச்சச் சம்பளத்துக்கும் இடையே தொடக்கத்தில் ஒன்றுக்கு மூன்று என்ற வரம்பு இருந்தது. இப்போது ஒன்றுக்கு ஆறு என்ற அளவில் நிற்கிறது. வெப்பின் விதியை இது பொய்யாக்கிவிட்டது என்றே நான் நினைக்கிறேன். அறுபது எழுபது ஆண்டுகள் சின்ன காலமல்ல.

இருந்தும் பழைய கேள்வி வேறு வாசலால் நுழைந்தது. 1974-இல் வேலைகளைத் தரம் பிரிப்பதை எதிர்த்து வேலைநிறுத்தம் நடந்தபோது, நிர்வாகம் 17 பேரை வெளியேற்றியது, பொதுக்குழு அதை ஆமோதித்தது. பெரும்பான்மை தன் சகாக்களைத் தானே வேலைநீக்கம் செய்யும் அந்தக் காட்சியை அபிமானிகள் அதிகம் பேசுவதில்லை. 1990-களுக்குப் பிறகு உலகச் சந்தையில் ஈடுகொடுக்கப் போலந்து, சீனா, மெக்சிகோ என்று கிளை ஆலைகள் எழுந்தன. அங்கே வேலை செய்தவர்கள் கூலிக்காரர்கள், உறுப்பினர்கள் அல்லர். முதல் அடுப்புப் பட்டறையின் வாரிசான ஃபாகோர் வீட்டுச் சாதன நிறுவனம் 2013-இல் திவாலானபோது, பாஸ்க் உறுப்பினர்களில் பலருக்குச் சக கூட்டுறவுகள் வேலை கொடுத்தன. முதலாளிகளின் கம்பெனியில் இதை நினைத்தும் பார்க்க முடியாது. போலந்துத் தொழிலாளிக்கு அந்தக் கதவு திறக்கவில்லை.

அரசியல் கோட்பாட்டாளர்கள் இங்கே கைகொடுத்திருக்க வேண்டும். கரோல் பேட்மன் 1970-இல், வேலையிடத்தில் முடிவெடுத்துப் பழகாதவர்கள் குடிமக்களாகவும் மந்தமாகவே இருப்பார்கள் என்று வாதாடினார். ராபர்ட் டால் 1985-இல் இன்னும் நேராகச் சொன்னார்: அரசை ஆள ஜனநாயகம் நியாயம் என்றால், அதே காரணத்தால் நிறுவனத்தை ஆளவும் அது நியாயம், ஒன்றை ஏற்று மற்றதை மறுக்க முடியாது. இந்த வாதத்தை யாரும் இதுவரை சரியாக உடைத்ததாக எனக்குத் தெரியவில்லை. அண்மையில் எலிசபெத் ஆண்டர்சன் கம்பெனி நிர்வாகத்தைத் தனியார் அரசாங்கம் என்றே அழைத்து, தன் ஊழியர்மேல் அது செலுத்தும் அதிகாரத்தை வர்ணித்தார். இசபெல் ஃபெரேராஸ் பங்குதாரருக்கு ஓர் அவை, உழைப்பவருக்கு ஓர் அவை என்று ஈரவை நிறுவனத்தை முன்வைக்கிறார். ஜான் ரால்ஸ், சொத்து பரவலாகப் பிரிந்திருக்கும் தன் சொத்துடைமை ஜனநாயகத்துக்குள் இதற்கு ஒரு மூலையை ஒதுக்கிவிட்டு நகர்ந்துவிட்டார்.

வேடிக்கை என்னவென்றால், உறுப்பினர் யார் என்ற கேள்வியை நவீன ஜனநாயகக் கோட்பாட்டில் உரக்கக் கேட்டவரும் அதே டால்தான். மக்கள் ஆட்சி என்கிறோம், மக்கள் என்பது யார் என்பதை மட்டும் கோட்பாட்டாளர்கள் தட்டிக்கழித்தே வந்திருக்கிறார்கள் என்று 1970-இல் எழுதினார். பட்டறைக்கு வந்தபோது அங்கே வேலைசெய்கிறவர்கள் எல்லாரும் என்ற விடையே போதும் என்று அவருக்குத் தோன்றியது. வேலை எல்லாம் ஒரே கூரையின் கீழ் நடந்த காலத்துக்கு அது பொருந்தியிருக்கலாம்.

பீடித் தொழிலில் கூரையே கிடையாது. கேரளத்துக் கண்ணூரில் ஒரு காலத்தில் இருந்தது. அங்கத்திய பீடிப் பட்டறைகளில் ஒருவர் செய்தித்தாளை உரக்கப் படிப்பார், மற்றவர்கள் இலையும் தூளும் மடியில் வைத்துச் சுற்றியபடி கேட்பார்கள். படிப்பவருடைய கூலி குறையாமலிருக்க ஆளுக்குக் கொஞ்சம் பீடி சுற்றி அவர் கணக்கில் சேர்ப்பார்கள். 1966-ஆம் ஆண்டின் பீடி, சுருட்டுத் தொழிலாளர் சட்டத்தைக் கேரள அரசு நடைமுறைப்படுத்த முனைந்ததும், மங்களூர் முதலாளிகள் கண்ணூர்ப் பட்டறைகளை இழுத்து மூடினார்கள். ஆயிரக்கணக்கானோர் தெருவுக்கு வந்தார்கள். 1969-இல் அவர்கள் அரசின் துணையோடு தொடங்கியதே தினேஷ் பீடிக் கூட்டுறவு. சட்டம் சொன்ன கூலி, விடுப்பு, சேமநிதி எல்லாம் கொடுத்தும் அது வளர்ந்தது, பல்லாயிரம் பேருக்கு வேலை தந்தது. புகைப்பது குறைந்தபோது மசாலாவிலும் குடையிலும் இறங்கியது. அதே வடகேரளத்தில், சமூகச் சீர்திருத்தவாதி வாக்படானந்தரின் சீடர்களாய் இருந்ததற்காக நிலக்கிழார்கள் வேலை மறுத்தவர்கள் 1925-இல் கூடித் தொடங்கிய ஊராளுங்கல் சங்கம் இன்று பாலமும் சாலையும் கட்டுகிறது.

மலைக்கு இந்தப் பக்கம் தென்காசியிலும் முக்கூடலிலும் அதே பீடியைப் பெண்கள் வீட்டுத் திண்ணையில் சுற்றுகிறார்கள். கடைக்காரர் இலையையும் தூளையும் நிறுத்துக் கொடுக்கிறார், சுற்றிய கட்டை வாங்கிக் கழித்துப் போட்டதுபோக எண்ணிக்கொள்கிறார். கம்பெனி முதலாளி அவர்கள் கண்ணில் படுவதே இல்லை. அங்கே வாக்குச்சீட்டைக் கொடுப்பதென்றால் யாருக்கு, எந்தப் பெட்டியில் போட? கண்ணூர்த் தொழிலாளி தன் பட்டறைக்கு உடைமையாளர் ஆனார். அவருடைய பீடி கடையில் போட்டியிட்டது இப்படிக் குறைந்த கூலிக்கு வீடுகளில் சுற்றிய பீடியோடு. தொழிலாளர் நிர்வாகத்தில் பங்கேற்க அரசு வழிசெய்ய வேண்டும் என்று 1976-இல் அரசியலமைப்பில் 43ஏ பிரிவு சேர்க்கப்பட்டது. அதற்காக 1990-இல் மாநிலங்களவைக்கு வந்த மசோதா சட்டமாகவில்லை. சட்டமாகியிருந்தாலும், ஆலையும் வாசலும் வருகைப் பதிவேடும் இருக்கும் இடத்துக்கே அது பொருந்தியிருக்கும். திண்ணையில் முறத்தோடு உட்கார்ந்திருப்பவரின் முதலாளி யார் என்பதை முதலில் ஒரு நீதிமன்றம் தீர்மானிக்க வேண்டியிருந்திருக்கும்.