நினோ மார்த்தோலியோவும் இத்தாலியத் திரைப்பட யதார்த்தமும்

இத்தாலியத் திரைப்பட வரலாற்றில் 1914ஆம் ஆண்டு இரு முரண்பட்ட போக்குகளை ஒருங்கே காட்டுகின்றது. ஜொவானி பாஸ்த்ரோனேயின் 'கபிரியா' ரோம-கார்த்தேஜ் யுத்தகாலத்தைப் பிரமாண்டமாகச் சித்திரித்தது. லிபியாவுக்காக இத்தாலி 1911-12இல் யுத்தம் நடத்தியதை மனங்கொண்டால், அப்பழம்பெருமை எந்நலனுக்கு உதவியது என்பது புலனாகும். அதே ஆண்டில் நினோ மார்த்தோலியோவின் 'இருளில் தொலைந்தோர்' நேப்பிள்ஸ் நகரத்து வறியோரைத் திரைக்குக் கொணர்ந்தது.

சிசிலியின் பெல்பாஸோவில் 1870இல் பிறந்த மார்த்தோலியோ கவிஞர், பத்திரிகையாளர், நாடகாசிரியர். சிசிலியக் கிளைமொழிக்கு அரங்கில் தகுதி தேடித் தந்தவர்களுள் முதன்மையானவர். பிராந்தெல்லோவுடன் இணைந்தும் நாடகங்கள் எழுதினார். அவரது ஆற்றலின் ஊற்று மக்கள் பேச்சே. அத்தகையவர் பேச்சற்ற ஊடகத்திற்கு வந்தமை ஒரு முரண் எனலாம். மொழி பறிபோன நிலையில் அவருக்கு எஞ்சியவை நடிகரின் உடலும் சூழலுமே. ஆதலாற்றான் சிசிலிய அரங்கின் பெருநடிகர் ஜொவானி கிராஸோவைக் குருடன் நுன்ஸியோவாக நடிக்கவைத்தமை முக்கியத்துவம் பெறுகின்றது.

ரொபேர்த்தோ பிராக்கோவின் நாடகத்தைத் தழுவிய இப்படத்தில், பிரபு ஒருவனின் கைவிடப்பட்ட மகள் அக்குருடனுடன் வறுமையில் உழல்கிறாள். மாளிகையும் சேரியும் மாறிமாறிக் காட்டப்பட்டன என்பர். இம்முரண் வெறும் கதையுத்தியன்று. ஒன்றின் செல்வமும் மற்றதன் அவலமும் தொடர்புடையன என்ற உணர்வு அதில் உண்டு. எனினும் தந்தை-மகள் உறவை மையமாக்கியதால், வர்க்க முரண்பாடு குடும்பச் சோகமாகக் குறுகும் அபாயமும் அதிலேயே உள்ளது.

1915இல் சோலாவின் நாவலைத் தழுவி 'தெரேஸா ராக்கான்' படத்தை எடுத்தபின் மார்த்தோலியோவின் திரைப்படப் பணி முற்றுப்பெற்றது. அரங்கப் பணியைத் தொடர்ந்த அவர் 1921இல் காலமானார்.

பாசிச ஆட்சிக் காலத்தில் மார்க்சிய விமர்சகர் உம்பேர்த்தோ பார்பரோ 'இருளில் தொலைந்தோர்' படத்தை யதார்த்த சினிமாவின் முன்னோடியாகப் போற்றினார். ரோமில் அவர் கற்பித்த திரைப்படக் கல்லூரியிலிருந்த பிரதி, இரண்டாம் உலக யுத்தத்தின்போது ஜேர்மானியரால் எடுத்துச்செல்லப்பட்டு மறைந்தது. இன்று நாம் ஆராய்வது படத்தையன்று. சில நிழற்படங்களையும் பார்த்தோரின் சாட்சியத்தையுமே.

ஆகவே, நவயதார்த்தவாதம் 1914இலேயே பிறந்துவிட்டது எனக் கூறுவதை நாம் ஏற்பதற்கில்லை. பார்பரோவின் கூற்றைப் புறக்கணிப்பதும் தவறாகும். ஆடம்பரப் படங்களும் அரச பிரசாரமும் மேலோங்கிய வேளையில், வறியோரை நோக்கிய பார்வை இத்தாலிய மண்ணுக்கு அந்நியமானதன்று என அவர் நிறுவ வேண்டியிருந்தது. மரபு தானாகக் கிடைப்பதன்று. போராட்டத்தின் தேவை அதனைத் தேடியெடுக்கின்றது. ஆனால் தேடியெடுத்த மரபையும் விமர்சனத்திற்கு உட்படுத்துவதே முற்போக்காளரின் கடன். மார்த்தோலியோவுக்கு நாம் செய்யக்கூடிய நியாயமும் அதுவே.